டிவிக்கு ஒரு டர்போ

பிப்ரவரி 3, திங்கள்

உரக்கடையில் கொடுத்த டைரி ஒரு மாதமாகச் சும்மா கிடந்தது. இன்று முதல் எழுதுகிறேன். காரணம், டிவி.

நான் பஸ் டெப்போவில் மெக்கானிக்காகச் சேர்ந்து போர்மேனாக ஓய்வு பெற்றவன். முப்பத்து மூன்று வருட சர்வீஸ். எந்த வண்டியின் குறையையும் தேதி போட்டு எழுதிக்கொண்டே வந்தால் ஒருநாள் அது பிடிபட்டே தீரும். டிவிக்கும் அதே வைத்தியம்தான்.

குறை: சத்தம் பத்தவில்லை. தீபாவளிக்கு ரிமோட்டில் 30 வைத்தால் போதுமாக இருந்தது. பொங்கலுக்கு 45. இன்றைக்கு 58. ஓசூரில் இருக்கும் மகள் கோகிலா வாங்கி அனுப்பிய ஸ்மார்ட் டிவி இது. வந்து ஒன்றரை வருடம்தான் ஆகிறது. சுவரில் படம் மாட்டிய மாதிரி மெல்லிசாக இருக்கிறது. இவ்வளவு ஒல்லி உடம்பில் தொண்டையை எங்கே வைத்திருப்பார்கள் என்று நான் அன்றைக்கே கேட்டேன்.

பார்த்த வேலை: என்னுடைய நீள ஸ்க்ரூ டிரைவரை எடுத்து, முனையை டிவியின் முதுகில் வைத்து, கைப்பிடியை வலது காதோடு அழுத்திக் கேட்டேன். டெப்போவில் எஞ்சினை இப்படித்தான் பார்ப்பேன். எந்த பேரிங் தேய்ந்திருக்கிறது, எந்த வால்வு தட்டுகிறது என்று பிரிக்காமலே சொல்லிவிடுவேன். தாராபுரத்திலிருந்தும் பழனியிலிருந்தும் ஆள் அனுப்பிக் கூப்பிடுவார்கள். 'காதுக்காரர்' என்றுதான் எனக்குப் பெயர். நாச்சிமுத்து என்று கேட்டால் பாதிப் பேருக்குத் தெரியாது.

டிவியின் முதுகில் அதிர்வு நன்றாகவே இருந்தது. ஆகவே சத்தம் உள்ளே உற்பத்தியாகிறது. வெளியே வரும் வழியில்தான் எங்கோ வீணாகிறது.

நான் டிவிக்குப் பின்னால் குனிந்திருந்தபோது சாந்தாமணி பக்கத்தில் வந்து நின்று நீளமாக ஏதோ சொன்னாள். என் மனைவி. கல்யாணமான புதிதில் கணீரென்று பேசியவள், இரண்டு வருடமாக வாய்க்குள்ளேயே பேசப் பழகிவிட்டாள். வயதானால் பெண்களுக்குக் குரல் இறங்கிவிடும் போலிருக்கிறது. இதற்கு நான் ஒரு வழி கண்டுபிடித்து வைத்திருக்கிறேன். அவள் பேசி நிறுத்தியதும் சிரித்த முகமாகத் தலையை ஆட்டி, "சரி, பாத்துக்கலாம்" என்று சொல்லிவிட வேண்டும். உலகத்தில் எந்தக் கேள்விக்கும் பொருந்துகிற பதில் அது. இன்றும் சொன்னேன். அவள் கொஞ்ச நேரம் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு உள்ளே போனாள்.

நல்ல நாள்.

பிப்ரவரி 4, செவ்வாய்

குக்கர் விசில் கெட்டுவிட்டது. சாந்தாமணி கோயிலுக்குக் கிளம்பும்போது அடுப்பைக் காட்டி, மூன்று விரலை நீட்டிவிட்டுப் போனாள். மூன்று விசில் வந்ததும் அணைக்க வேண்டும். நானும் கூடத்தில் உட்கார்ந்து காத்திருந்தேன். ஒரு விசில்கூட வரவில்லை. கருகல் வாசனைதான் வந்தது.

கடைக்குப் போய்ப் புது வெயிட் வாங்கி மாட்டினேன். கேஸ்கட்டையும் மாற்றினேன். திரும்பி வந்த சாந்தாமணி பருப்பைப் பார்த்தாள், ஒரு வார்த்தை சொல்லவில்லை. பொறுமைசாலி.

பிப்ரவரி 6, வியாழன்

வீட்டில் மூன்று நாளாக ஒரு நல்ல அமைதி. காபியை என் முன்னால் வைத்துவிட்டுப் போய்விடுகிறாள். இன்னொரு தோசை வேண்டுமா என்று கேட்பதில்லை, அதுவாகத் தட்டில் வந்து விழுகிறது. முப்பத்தைந்து வருடத்தில் எங்களுக்குள் இப்படி ஒரு புரிதல் வந்ததில்லை.

ஒன்று மட்டும் கவனித்தேன். அடுப்படிக் காலண்டரில் இருக்கிற முருகனைப் பார்த்து உதட்டை அசைத்துக்கொண்டே இருக்கிறாள். தைப்பூசம் வருகிறதல்லவா, ஏதாவது வேண்டுதலாக இருக்கும்.

டிவி 71.

பிப்ரவரி 7, வெள்ளி

குறையைப் பிடித்துவிட்டேன்.

பழனிக்குப் பாதயாத்திரை போகிற கூட்டம் காலையில் நம் தெரு வழியாகப் போனது. முன்னால் போன வண்டியில் ஒருவர் மைக்கைப் பிடித்துப் பாடிக்கொண்டு போனார். டிவியைவிட ஒல்லியான மனிதர். அவர் பாட்டு வாசல் வரை கேட்டது. ஒல்லியானவர்களுக்கு மைக் வைத்தால் தீர்ந்தது என்று அப்போதுதான் தோன்றியது.

அடுத்து டர்போ ஞாபகம் வந்தது. எஞ்சின் வெளியே தள்ளுகிற புகையின் வேகத்தை வீணாக்காமல், அதை வைத்தே ஒரு சக்கரத்தைச் சுற்றவிட்டு, எஞ்சினுக்குள் கூடுதல் காற்றை அழுத்துவதுதான் டர்போ. அதே வண்டி, அதே டீசல், ஆனால் மேட்டில் பிய்த்துக்கொண்டு ஏறும். அப்படியானால் டிவி விடுகிற சத்தத்தை ஒரு மைக்கில் பிடித்து, அந்த மைக்கை டிவியிலேயே மாட்டிவிட்டால் என்ன? டிவி தன் சத்தத்தைத் தானே குடித்து, இன்னும் பெரிதாக விடும். அது திரும்ப மைக்குக்குப் போகும். திரும்ப வரும். இதை இத்தனை நாளாக ஒரு கம்பெனிக்காரனும் யோசிக்கவில்லை என்பதுதான் ஆச்சரியம்.

பஸ் ஸ்டாண்டுப் பக்கம் எலக்ட்ரானிக்ஸ் கடை வைத்திருக்கும் ஷர்மிளாவிடம் போனேன். ரோட்டு இரைச்சலில் வியாபாரம் செய்து பழகியதால் அந்தப் பெண் நன்றாகப் பேசும்.

"டிவிக்கு மைக்கா? எதுக்குங்கய்யா, பாடறதுக்குங்களா?"

"ஒரு வேலை இருக்குது" என்று மட்டும் சொன்னேன். தொழில் ரகசியத்தை அப்படி எடுத்தவுடன் சொல்லிவிட முடியாது.

டிவியின் பக்கவாட்டில், காதில் மாட்டுகிற கருவியின் படம் போட்டு ஓர் ஓட்டை இருந்தது. காது என்றால் சத்தம், சத்தம் என்றால் மைக். குத்தினேன், கச்சிதமாக உட்கார்ந்தது. மைக்கை டிவிக்கு அடியில் ஸ்பீக்கரைப் பார்த்துக் கட்டினேன். சத்தம் உடனே கூடவில்லை. சொல்லப்போனால் கொஞ்சம் குறைந்ததுபோலக்கூட இருந்தது. 100 வரை ஏற்றி வைத்திருக்கிறேன். புது எஞ்சினையே முதலில் நிதானமாக ஓட்டித்தான் பழக்க வேண்டும். இரண்டு நாள் ஓடட்டும்.

பிப்ரவரி 8, சனி

ஓடிக்கொண்டிருக்கிறது. செய்தி பார்த்தேன். அடியில் போகிற எழுத்தைப் படித்தாலே விஷயம் விளங்கிவிடுகிறது.

சாந்தாமணி சீரியல் பார்க்க உட்கார்ந்தாள். ரிமோட்டை அமுக்கிப் பார்த்தாள். மைக்கைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். பிறகு எழுந்து பக்கத்து வீட்டு டீச்சர் வீட்டுக்குப் போய்விட்டாள்.

பிப்ரவரி 9, ஞாயிறு

அந்த ரங்கநாயகி டீச்சர் ஒரு தட்டு நிறைய வெல்லக் கச்சாயம் சுட்டுக் கொண்டுவந்து கொடுத்தார். இந்தத் தெருவில் தெளிவாகப் பேசுகிற ஒரே மனுஷி அவர்தான். கடைசி பெஞ்சு வரை கேட்க வேண்டும் என்று முப்பது வருடம் பேசிய குரல்.

"ரொம்ப நன்றிங்ணா. ரெண்டு நாளாத்தான் எங்கூட்ல நாங்க பேசறது எங்களுக்கே கேக்குது."

"எதுக்கு நன்றி?" என்றேன்.

"உங்க டிவியச் சத்தமே இல்லாம வச்சிட்டீங்களே. ஊமைப்படமா ஓடுதுன்னு சாந்தாக்கா சொல்லுச்சு. எனக்காகவாங்ணா பண்ணுனீங்க?"

டிவியைப் பார்த்தேன். அதில் ஒருவர் கையை நீட்டி நீட்டிப் பேசிக்கொண்டிருந்தார். டீச்சர் போனதும் ஸ்க்ரூ டிரைவரை வைத்துப் பார்த்தேன். அதிர்வே இல்லை. எஞ்சின் நின்று இரண்டு நாள் ஆகியிருக்கிறது.

டீச்சரிடம் சொல்லத் தெரிந்த சாந்தாமணிக்கு என்னிடம் சொல்லத் தோன்றவில்லை. இது எனக்கு விளங்கவில்லை. கச்சாயம் நன்றாக இருந்தது.

பிப்ரவரி 10, திங்கள்

ஷர்மிளா சொன்னது அப்படியே:

"ஐயா, அந்தத் தொளை சத்தம் வெளிய போறதுக்குங்க. உள்ள வர்றதுக்கு இல்லீங்க. நீங்க அதுல எதைக் குத்துனாலும் டிவி தன்னோட ஸ்பீக்கரை நிறுத்திப்போடும்."

எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. மூன்று நாளாக நான் சைலன்சரில் டீசல் ஊற்றியிருக்கிறேன். டெப்போவில் ஒரு புது ஆள் இதைச் செய்திருந்தால் நான் என்ன பேசியிருப்பேன் என்று எனக்குத் தெரியும்.

யூஎஸ்பி மைக் என்று வேறொன்று கொடுத்தாள். வீட்டுக்கு வந்து குத்தியதும், 'இந்தச் சாதனத்தை ஏற்க இயலாது' என்று டிவி எழுதிக் காட்டியது. மறுத்தாலும் மரியாதையாக மறுத்தது. எல்லாரும் இப்படி எழுதிக் காட்டினால் எவ்வளவோ நன்றாக இருக்கும்.

பிப்ரவரி 11, செவ்வாய். தைப்பூசம்

காலிங் பெல்லும் ரிப்பேர். கூரியர்காரர் பத்து நிமிடம் அமுக்கினாராம். பேட்டரியை மாற்றினேன்.

கட்டில் மேல் பெரிய சூட்கேஸ் திறந்திருந்தது. சாந்தாமணி சேலைகளை மடித்து அதில் அடுக்கிக்கொண்டிருந்தாள். ஸ்வெட்டரும் இருந்தது. இங்கே வெயில் ஆரம்பித்துவிட்டது, ஸ்வெட்டர் எதற்கு என்று தெரியவில்லை. பீரோவைச் சுத்தம் செய்கிறாள் என்று நினைக்கிறேன். நான் ஒத்தாசைக்குப் போய்ச் சூட்கேஸின் சக்கரத்துக்கு எண்ணெய் விட்டுக் கொடுத்தேன். அவள் என்னை ஒரு பார்வை பார்த்தாள். கண் சிவந்திருந்தது. பூச்சி உருண்டையின் நெடி.

பிப்ரவரி 12, புதன்

கோகிலா போன் செய்தாள். போனிலும் ஸ்பீக்கர் போய்விட்டது. அவள் ஏதோ கேட்டாள், "சரி, பாத்துக்கலாம்" என்றேன். திரும்பவும் கேட்டாள், திரும்பவும் அதையே சொன்னேன். மூன்றாவது தடவை நான் சொல்லி முடிப்பதற்குள் வைத்துவிட்டாள். வேலைக்குப் போகிற பிள்ளை, ஆயிரம் அவசரம் இருக்கும்.

பிப்ரவரி 13, வியாழன்

இதை நிதானமாக எழுத வேண்டும்.

ஷர்மிளா இன்று ஒரு பெட்டியோடு வீட்டுக்கே வந்தாள். வீட்டில் பாட்டுப் பாடி விளையாடுகிறவர்கள் வாங்குவார்களாம். இடுப்பு உயரம். உள்ளேயே ஆம்பிளிபயர், ஸ்பீக்கர், கூடவே ஒரு மைக். டிவியின் அதே ஓட்டையிலிருந்து ஒரு வயரை எடுத்துப் பெட்டியில் மாட்டினாள்.

"இப்பப் பாருங்க. டிவி சத்தம் வெளிய வந்து பொட்டிக்குப் போகுது. மைக்கும் பொட்டிக்குத்தான் போகுது. ரெண்டும் இங்க ஒண்ணாச் சேருதுங்க. டிவிக்குள்ள மைக்க விட வேண்டியதே இல்லீங்க."

முறையான வேலை. மனதுக்குள் பாராட்டிவிட்டு, டர்போவைச் சோதித்தேன். பெட்டியை முழுச் சத்தத்தில் வைத்து, மைக்கை அதன் முகத்துக்கு நேராகப் பிடித்தேன்.

ஒன்றும் நடக்கவில்லை. அதாவது, என் பக்கம் ஒன்றும் நடக்கவில்லை. ஷர்மிளா இரண்டு காதிலும் விரலை விட்டுக்கொண்டு சுவரோடு ஒட்டினாள். பைக்குக்கு அடியில் படுத்திருந்த நாய் கேட்டைத் தாண்டி ஓடியது. கொய்யா மரத்துக் காக்கைகள் ஒன்றுவிடாமல் கிளம்பின. அடுப்படியிலிருந்து சாந்தாமணி கரண்டியோடு ஓடிவந்தாள். ரங்கநாயகி டீச்சர் செருப்புப் போடாமல் வந்து என் கையிலிருந்து மைக்கைப் பிடுங்கினார்.

"ஏனுங்ணா, காதே கிழிஞ்சு போச்சு. என்ன விசிலு அது? ரயிலு கூட இப்படிக் கத்தாது."

"விசில் வந்துச்சா?" என்றேன்.

மூன்று பேரும் என்னைப் பார்த்தார்கள். அந்தப் பார்வையை எழுதத் தெரியவில்லை. திட்டியிருந்தால் பரவாயில்லை. ஒருவரும் திட்டவில்லை.

அவர்கள் போன பிறகு இந்த டைரியை முதலிலிருந்து படித்தேன். டிவி. குக்கர் விசில். காலிங் பெல். போன். இன்றைக்கு இந்தப் பெட்டி.

டெப்போவில் ஒரு டிரைவர் இருந்தார். எந்த வண்டியைக் கொடுத்தாலும் இழுவை இல்லை என்று எழுதிவைப்பார். ஐந்து வண்டி மாற்றிக் கொடுத்தும் அதே புகார். கடைசியில் நான்தான் மேனேஜரிடம் சொன்னேன்: "எல்லா வண்டியிலும் ஒரே குறைன்னா வண்டியப் பாக்காதீங்க, டிரைவரப் பாருங்க."

இன்றைக்கு இதற்கு மேல் எழுதப் பிடிக்கவில்லை.

பிப்ரவரி 14, வெள்ளி

காலையில் பெட்டியை மறுபடி சோதித்தேன். டர்போவுக்காக அல்ல. வேறு ஒன்றைத் தெரிந்துகொள்வதற்காக.

"ஏ புள்ள சாந்தா, நான் வெளிய கேட்டுப் பக்கம் போயி நிக்கறேன். நீ மைக்கப் புடிச்சு ஒண்ணு ரெண்டு மூணு சொல்லு" என்றேன். மைக்கை வாங்கிக்கொண்டாள். என் பக்கம் திரும்பவில்லை. டிவியைப் பார்த்து நின்றாள். நான் கேட்டில் போய் நின்றேன். வாசல் வழியாக அவள் முதுகு தெரிந்தது.

"ஒண்ணு" என்று பெட்டி சொன்னது. "ரெண்டு. மூணு."

எனக்குத் தெளிவாகக் கேட்டது. கையைத் தூக்கிக் காட்டினேன். அவள் திரும்பினால்தானே பார்ப்பாள்.

"மூணு" என்றாள் மறுபடியும். "மூணு மாசத்துக்கு ஒருத்தி மக ஊட்டுக்குப் போறா. நாளைக்குக் காத்தால பஸ்ஸு. போயிட்டு வரட்டுங்களான்னு பதினோரு நாளைக்கு முன்னால ஒருத்தர்கிட்டக் கேட்டா. வேண்டாம் புள்ள, நீ இல்லாம நான் என்ன பண்றதுன்னு அவரு ஒரு வார்த்தை சொல்லுவாருன்னுதான் கேட்டா. அவரு சிரிச்ச மொகமா, சரி பாத்துக்கலாம்னு சொல்லிப்போட்டாரு. அன்னைக்கிருந்து அவ பேசறதில்ல. அவ பேசறதில்லைங்கறதே அவருக்குத் தெரியல. சூட்கேசுக்கு எண்ணெய் ஊத்திக் குடுக்கறாரு. மக போன் பண்ணி, அம்மாவ அனுப்பறீங்களான்னு மூணு தடவ கேட்டா, மூணு தடவையும் சரிங்கறாரு. இருக்கட்டும். இந்த டிவிப் பொட்டிக்குத் தொண்டை சரியில்லைன்னு அலையற அலைச்சல்ல கால்வாசி..."

அதற்கு மேல் பெட்டியில் மூச்சு மட்டும் வந்தது.

எங்கள் பக்கத்தில் ஒருவரோடு மனஸ்தாபம் என்றால் நேராகப் பேசமாட்டார்கள். ஜாடையாகச் சுவரிடம் சொல்வார்கள், ஆட்டுக்குட்டியிடம் சொல்வார்கள், கேட்க வேண்டியவருக்குக் கேட்டுவிடும். பதினோரு நாளாகக் காலண்டர் முருகனிடம் அவள் சொன்னதெல்லாம் எனக்குச் சொன்னதுதான். நான் அதை வேண்டுதல் என்று எழுதிவைத்திருக்கிறேன்.

இன்னொன்றையும் எழுத வேண்டும். அவள் குரல் இறங்கவே இல்லை. கல்யாணமான புதிதில் இருந்த அதே கணீர். இரண்டு வருடமாக அந்தக் குரல் இந்த வீட்டுக்குள்தான் இருந்திருக்கிறது, நான்தான் அங்கே இல்லை. மூன்று மாதம் தனியாக இருப்பதை நினைத்துப் பயமாக இருந்தது. அதைவிட, நான் அவளைச் சிரித்துக்கொண்டே வழியனுப்புகிறேன் என்று நினைத்தபடி அவள் சேலைகளை மடித்திருக்கிறாள். அதுதான் தாங்கவில்லை.

தெரு அப்படியே நின்றுவிட்டது. இஸ்திரி வண்டிக்காரர் தேய்ப்புப் பெட்டியைத் துணி மேல் வைத்ததை மறந்து நின்றார். டீச்சர் வீட்டு ஜன்னல் மொத்தமும் திறந்திருந்தது.

உள்ளே போய் அவளுக்குப் பக்கத்தில் நின்றேன். அவள் டிவியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நீ கேட்டது எனக்குக் கேக்கல, சாந்தா" என்றேன். "நேத்து அந்த விசிலும் கேக்கல. குக்கரும் கேக்கல. எனக்குக் காது கேக்கறதில்ல."

மைக் அவள் கையில் அப்படியே இருந்ததை நான் கவனிக்கவில்லை. காதுக்காரர் நாச்சிமுத்துவுக்குக் காது கேட்பதில்லை என்பது பெட்டி வழியாகத் தெரு முழுக்கப் போனது.

சாந்தாமணி திரும்பினாள். அழுதுகொண்டிருந்தாள். அழுகையோடேயே, பதினோரு நாளைக்குப் பிறகு என் முகத்தைப் பார்த்து முதல் வார்த்தை பேசினாள்.

"அது தெருவுக்கே தெரியுமுங்க."

அதுவும் மைக்கில் போனது. ஜன்னலில் டீச்சர் தலையை ஆட்டினார்.

"தெரிஞ்சுமா எங்கிட்டச் சொல்லல?"

"எத்தனை தடவைங்க சொல்றது. சொன்னா உங்களுக்குக் கேட்டாத்தானே."

பிறகு மைக்கை நிறுத்தினோம். டிக்கெட் எடுத்தது எடுத்ததுதான் என்று பிடிவாதமாகச் சொன்னாள். ஆனால் மூன்று மாதம் இல்லை, பதினைந்து நாள். நானும் கூட வர வேண்டும். ஓசூரில் காதைக் காட்ட வேண்டும். ஒரு காகிதத்தில் பெரிய எழுத்தில் எழுதி, அடியில் கையெழுத்துப் போடச் சொன்னாள். போட்டேன்.

இஸ்திரி வண்டிக்காரர் என் வெள்ளைச் சட்டையைத் திருப்பிக் கொடுத்தார். முதுகில் முக்கோணமாகக் கருகியிருந்தது. கூலியைக் கொடுத்து வாங்கிக்கொண்டேன்.

பிப்ரவரி 15, சனி

ஓசூர் பஸ். இரண்டு டிக்கெட். சூட்கேஸ் சக்கரம் நன்றாக உருண்டது.

பிப்ரவரி 18, செவ்வாய். ஓசூர்

கண்ணாடி அறைக்குள் உட்காரவைத்து, சத்தம் கேட்டால் பட்டனை அமுக்கச் சொன்னார்கள். நான் ரொம்ப நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். இன்னும் ஆரம்பிக்கவில்லை என்று நினைத்தேன். வெளியே கோகிலா கண்ணைத் துடைப்பது கண்ணாடி வழியாகத் தெரிந்தது. அப்போதுதான் ஆரம்பித்து வெகுநேரம் ஆகிவிட்டது என்று புரிந்தது.

டாக்டரம்மா கோடு போட்ட தாளைக் காட்டினார். மெல்லிய சத்தமும் விசில் சத்தமும் வருகிற பக்கம் கோடு பள்ளத்தில் விழுந்திருக்கிறது. வருடக்கணக்காக எஞ்சின் பக்கத்தில் நின்றவர்களுக்கு இப்படித்தான் ஆகுமாம். இரண்டு காதிலும் வலது காது மோசம். வலது காதுதான் ஸ்க்ரூ டிரைவர் வைத்த காது.

"பஞ்சு, மூடி எதுவும் காதில் வைக்கமாட்டீங்களா?" என்று கேட்டார்.

"வச்சா எஞ்சின் சத்தம் கேக்காதுங்களே" என்றேன். அவர் சிரிக்கவில்லை. நான் சிரித்தேன்.

பிப்ரவரி 24, திங்கள். ஓசூர்

இரண்டு காதிலும் கருவி மாட்டியாகிவிட்டது. பட்டாணி அளவுதான். மாட்டிய அரை மணி நேரத்தில் தெரிந்துகொண்டவை: என் செருப்பு சத்தம் போடுகிறது. கோகிலா வீட்டு மின்விசிறிக்கு பேரிங் போய்விட்டது. சாந்தாமணி நடக்கும்போது கொலுசு கேட்கிறது. கொலுசு போட்டிருக்கிறாள் என்பதே எனக்கு மறந்துபோயிருந்தது.

பேரிங்கை மாற்றிக் கொடுத்தேன்.

மார்ச் 2, ஞாயிறு

வீடு வந்து சேர்ந்தோம். டிவியைப் போட்டதும் இரண்டு பேரும் காதைப் பொத்திக்கொண்டோம். பெட்டி வழியாக 100-லேயே இருந்திருக்கிறது. 14-க்கு இறக்கினேன். இந்தத் தெரு இத்தனை நாள் என்ன பாடுபட்டிருக்கும் என்று இப்போதுதான் தெரிகிறது. பழனிப் பஞ்சாமிர்தம் ஒரு டப்பா எடுத்துக்கொண்டு டீச்சரிடம் போய் மன்னிப்புக் கேட்டேன். அவர் மெதுவாகப் பேசினால் போதும் என்பதை இரண்டு தடவை சொல்ல வேண்டியிருந்தது.

குக்கரின் பழைய வெயிட்டைத் தேடி எடுத்துக் கழுவிவைத்தேன். அது ஒரு குற்றமும் செய்யவில்லை.

மாலையில் நான் கூடத்தில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தேன். சாந்தாமணி அடுப்படியில் எனக்கு முதுகு காட்டி நின்று காபி ஆற்றிக்கொண்டிருந்தாள். காலண்டரைப் பார்த்தபடி, வாய்க்குள்ளேயே, காற்றில் பாதி கரைகிற மாதிரி ஒரு குரலில் சொன்னாள்:

"கோகிலா மறுக்காவும் கூப்புடறா. ஒரு மூணு மாசம் போயி இருந்துட்டு வரட்டுங்களா?"

ஒவ்வொரு எழுத்தும் கேட்டது. அவள் கை காபி ஆற்றுவதை நிறுத்தியதும் கேட்டது. என் நாக்கு பழக்கத்தில் 'சரி' என்று ஆரம்பிக்கப் பார்த்தது, பிடித்து நிறுத்தினேன்.

"வேண்டாம் புள்ள" என்றேன். "நீ இல்லாம நான் என்ன பண்றது?"

அடுப்படியில் கொஞ்ச நேரம் சத்தமில்லை. உண்மையிலேயே சத்தமில்லை, இப்போது எனக்கு வித்தியாசம் தெரியும். பிறகு, திரும்பாமலே, அவள் சொன்னாள்:

"என்னுங்க சொன்னீங்க? எனக்குக் கேக்கல. கொஞ்சம் சத்தமாச் சொல்லுங்க."

அவள் காதுக்கு ஒரு குறையும் இல்லை என்று எனக்குத் தெரியும். ஓசூரில் அவளுக்கும் சேர்த்துத்தான் பார்த்தார்கள். கோடு நேராக இருந்தது.

எழுந்து போய்ப் பெட்டியைப் போட்டேன். மைக்கைக் கையில் எடுத்தேன். பக்கத்தில் டீச்சர் வீட்டு ஜன்னல் திறக்கிற சத்தம் நன்றாகக் கேட்டது.